மூச்சு முட்டுகிறதா? தனியாகக் கிளம்பாதீர்கள்!

'ஆதி குணசேகரன்' என்றால் உங்கள் வீட்டுப் பாட்டி இப்போதும் பல்லைக் கடிப்பார். சன் டி.வி.யில் 2022-ல் தொடங்கிய 'எதிர்நீச்சல்' தொடரில், வீட்டுப் பெண்களை உருட்டி மிரட்டிய அந்த மூத்த அண்ணன்தான். அதில் நடித்த ஜி. மாரிமுத்துவை மக்கள் திட்டத் திட்ட, அவர் புகழ் ஏறிக்கொண்டே போனது. வில்லனுக்கு அதுதானே பரிசு!

தேனி மாவட்டம் பசுமலைத்தேரிக்காரர். சினிமா ஆசையில் சென்னைக்கு வந்து ராஜ்கிரணிடம் உதவி இயக்குநராக இருந்தார். 'கண்ணும் கண்ணும்' (2008), 'புலிவால்' (2014) என்று இரண்டு படங்களை இயக்கினார். 'யுத்தம் செய்' (2011), 'பரியேறும் பெருமாள்' (2018) மாதிரி படங்களில் குணச்சித்திர வேடங்கள். இத்தனை வருஷம் உழைத்தும், வீட்டுக்கு வீடு அவரைத் தெரிய வைத்தது ஒரு சீரியல்தான். அதுவும் ஐம்பதைத் தாண்டிய பிறகு.

2023 செப்டம்பர் 8. காலையில் சென்னையில் அதே தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தவர், மூச்சு முட்டுகிற மாதிரி இருக்கவே வெளியே வந்தார். தானே காரை ஓட்டிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனார். மாரடைப்பு. காப்பாற்ற முடியவில்லை.

கூட ஆள் இருந்தால் பிழைத்திருப்பாரா என்று நாம் சொல்ல முடியாது. ஆனால் அந்தத் தனிப் பயணம் எனக்குப் பழக்கமான ஒன்று. எங்கள் கடியப்பட்டணத்தில் கடலுக்குப் போய் வந்தவர்கள் நெஞ்சைத் தடவிக்கொண்டு தனியாகவே நடந்து வருவார்கள். "வைத்தியரே, வலை இழுத்ததுல வாய்வு பிடிச்சிருக்கு, ஒரு கசாயம் தாரும்!" சிலர் வர்மம் தடவச் சொல்வார்கள்.

நான் சித்த வைத்தியன். சுக்கும் நல்லமிளகும் ஓமமும் என் கையிருப்பு. ஆனாலும் சொல்கிறேன்: நடு நெஞ்சில் பாரம் வைத்தாற்போல் அழுத்தி, வலி இடது கைக்கோ தாடைக்கோ முதுகுக்கோ பரவி, வேர்த்துக் கொட்டினால் கசாயம் கொதிக்கிற நேரம்கூடத் தாமதிக்கக் கூடாது. இதயத் தசைக்குப் போகும் ரத்தக்குழாய் அடைபட்டிருக்கலாம். அப்படியானால் நிமிஷத்துக்கு நிமிஷம் தசை செத்துக்கொண்டிருக்கும். துடிப்பு தாறுமாறானால் ஸ்டியரிங் பிடித்தபடியே நினைவு தப்பிவிடும்.

சர்க்கரை நோயாளிகளுக்கு வலியே தெரியாமல் போகலாம்; மூச்சுத் திணறலும் வேர்வையும் மட்டும் இருக்கும். பெண்கள் 'என்னமோ அசதி, குமட்டல்' என்று அடுப்படியிலேயே நிற்பார்கள். அவர்களைத்தான் முதலில் கவனியுங்கள்.

108-ஐக் கூப்பிடுங்கள். இந்தப் பக்கத்துக்காரர்களுக்கு ஆசாரிப்பள்ளம் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி இருக்கிறது. முதல் இ.சி.ஜி. சரியாக இருந்தாலும், டாக்டர் இருக்கச் சொன்னால் இருந்து மறுபடி எடுங்கள். நீங்கள் சாப்பிடும் மருந்துகளின் சீட்டையும் கையோடு கொண்டு போங்கள். நான் கொடுத்த சூரணமும் அதில் இருக்கட்டும். அங்குள்ள டாக்டருக்குத் தெரிய வேண்டும்.