டாலாவிலிருந்து பெர்த்வரை: ஒரு கோலும் ஒரு மின்னஞ்சலும்

சிங்கப்பூருக்கும் ஆஸ்திரேலியாவின் பெர்த் நகருக்கும் நேர வேறுபாடு கிடையாது. இது எவ்வளவு பெரிய வரம் என்பது, ஐரோப்பியக் காற்பந்து ஆட்டங்களுக்காக அதிகாலை மூன்று மணிக்கு அலாரம் வைத்து எழுந்தவர்களுக்குத்தான் தெரியும்.

2023 ஜூலை 26, புதன்கிழமை இரவு எட்டு மணி. அப்போது நான் தொடக்கக் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு மாணவி. மேசையில் வேதியியல் குறிப்புகள். அவற்றின்மீது சாய்த்து வைத்த கைப்பேசியில் மகளிர் உலகக் கிண்ணப் போட்டி. பெர்த்தில் அயர்லாந்தும் கனடாவும் மோதிக்கொண்டிருந்தன.

நான்காவது நிமிடத்தில் அயர்லாந்துக்குக் கார்னர் வாய்ப்பு கிடைத்தது. அணித்தலைவி கேட்டி மெக்கேப் இடது காலால் உதைத்த பந்து வளைந்து வந்து, சக வீராங்கனைகள் யாரும் தொடாமலேயே வலைக்குள் புகுந்தது.

“அப்பா, சீக்கிரம் வந்து பாருங்க!”

“படிக்கிறேன்னு சொன்னியேம்மா,” என்றபடி வந்த அப்பா, அந்தக் கோலை மூன்று முறை திரும்பத் திரும்பப் பார்த்தார். “இந்தப் பொண்ணு எந்தக் குழுவுக்கு ஆடுது?”

“உங்க ஆர்சனலுக்குத்தான்.”

எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அப்பா ஆர்சனல் ரசிகர். ஆண்கள் குழுவின் ஆட்டக்காரர்கள் எல்லாருடைய பெயரும் அவருக்கு மனப்பாடம். ஆனால் மெக்கேபின் பெயரை அன்றுதான் முதன்முதலில் கேட்டார்.

மகளிர் உலகக் கிண்ண வரலாற்றில் கார்னரிலிருந்து நேரடியாக அடிக்கப்பட்ட முதல் கோல் அது. அந்தப் போட்டியில் முதன்முறையாகக் களமிறங்கிய அயர்லாந்து மகளிருக்கும் அதுவே முதல் கோல். ஆனாலும் 2-1 என்ற கணக்கில் அயர்லாந்து அன்று தோற்றது. அடுத்த சுற்றுக்குச் செல்லும் வாய்ப்பும் பறிபோனது.

இன்று நான் பல்கலைக்கழக மாணவி. எங்கள் விடுதியின் மகளிர் ஃபுட்சால் குழுவுக்குத் தலைவி. மெக்கேபைப் பற்றித் தேடித்தேடிப் படித்ததில், பெர்த்தில் விழுந்த அந்தக் கோலைவிட அதற்கு ஆறு ஆண்டுகளுக்கு முந்தைய 2017ஆம் ஆண்டுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அந்த ஆண்டில் அவருக்கு வயது 21. எனக்கு இப்போது இருபது.

*பதினொரு பிள்ளைகளில் ஒருவர்*

அயர்லாந்துத் தலைநகர் டப்ளினின் தென்மேற்கே இருக்கும் டாலா வட்டாரத்தைச் சேர்ந்தவர் மெக்கேப். 1995 செப்டம்பர் 21ஆம் தேதி பிறந்தார். வீட்டில் மொத்தம் பதினொரு பிள்ளைகள். அண்ணன் கேரி மெக்கேப் அயர்லாந்து லீக்கில் விளையாடியவர். புகழ்பெற்ற ஆட்டக்காரர் ராபி கீனும் டாலாவைச் சேர்ந்தவர்தான். தெருவில் பந்து உருளாத நாள் அங்கு குறைவாகவே இருந்திருக்கும்.

அயர்லாந்தில் மகளிருக்கான தேசிய லீக் 2011ஆம் ஆண்டில்தான் தொடங்கியது. மெக்கேப் அதில் ரஹீனி யுனைடெட் குழுவுக்கும் பின்னர் ஷெல்போர்ன் குழுவுக்கும் விளையாடினார். காற்பந்தை மட்டும் நம்பி ஒரு பெண் வாழ முடியாத லீக் அது. பெரும்பாலானோர் பகலில் வேலைக்கோ வகுப்புக்கோ போய்விட்டு மாலையில் பயிற்சிக்கு வந்தவர்கள். 2015 டிசம்பரில் மெக்கேபை ஆர்சனல் ஒப்பந்தம் செய்தபோது அவருக்கு வயது இருபது.

லண்டனில் அவருக்கு முன்பே இன்னோர் அயர்லாந்துக்காரர் இருந்தார். அவர் கோல்காப்பாளர் எம்மா பர்ன். 2000ஆம் ஆண்டிலிருந்து ஆர்சனலுக்கு விளையாடிவந்த பர்ன், 2007இல் அக்குழு ஐரோப்பிய மகளிர் கிண்ணத்தை வென்றபோது கோல் கம்பங்களுக்கு இடையே நின்றவர். அயர்லாந்து தேசிய அணியின் தலைவியும் அவரே.

இந்தக் கட்டுரையில் மெக்கேபைப் போலவே பர்னுக்கும் இடம் உண்டு. ஏன் என்பதற்கு 2017ஆம் ஆண்டுதான் பதில்.

*கழிப்பறையில் உடைமாற்றிய தேசிய அணி*

2017 ஏப்ரல் 4ஆம் தேதி, டப்ளினில் தொழிற்சங்கக் கட்டடமான லிபர்ட்டி ஹாலில் அயர்லாந்து மகளிர் அணியினர் செய்தியாளர்களைச் சந்தித்தனர். எம்மா பர்னும் மூத்த வீராங்கனைகளும் முன்வரிசையில் அமர்ந்திருந்தனர். ஆறு நாள்களில் ஸ்லோவாக்கியாவுடன் ஆட்டம். கோரிக்கைகளுக்குப் பதில் கிடைக்காவிட்டால் விளையாடப் போவதில்லை என்றார்கள்.

அவர்கள் கேட்டவை என்னென்ன? நாட்டுக்காக விளையாட விடுப்பு எடுப்பவர்கள் இழக்கும் சம்பளத்துக்கு ஈடு. ஆட்டத்துக்கு ஒரு நியாயமான கட்டணம். உடற்பயிற்சிக்கூட வசதி. தங்கும் ஹோட்டலில் வைஃபை. அதோடு, சொந்தமாக ஒரு டிராக்சூட்.

அந்த டிராக்சூட் விவகாரம்தான் உலகச் செய்தியானது. தேசிய அணிக்குக் கொடுக்கப்படும் டிராக்சூட்டுகளை இளையர் அணிகளோடு பகிர்ந்துகொள்ள வேண்டியிருந்ததால், பயணம் முடிந்ததும் விமான நிலையப் பொதுக் கழிப்பறையில் அவற்றைக் கழற்றித் திருப்பிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போயிருக்கிறார்கள். நாட்டின் சின்னத்தை நெஞ்சில் தாங்கி விளையாடியவர்களின் நிலைமை இது.

கேட்டதற்குப் பலன் கிடைத்தது. இரண்டே நாள்களில் அயர்லாந்துக் காற்பந்துச் சங்கத்துடன் உடன்பாடு எட்டப்பட்டது. ஸ்லோவாக்கியாவுடனான ஆட்டமும் திட்டமிட்டபடி ஏப்ரல் 10ஆம் தேதி நடந்தது. நடந்த இடம் டாலா விளையாட்டரங்கம், மெக்கேபின் சொந்த ஊர்த் திடல்.

*ஒரே ஆண்டில் இறக்கமும் ஏற்றமும்*

அதே ஆண்டில் ஆர்சனலில் மெக்கேபுக்குப் போதிய ஆட்டங்கள் கிடைக்கவில்லை. அவரை ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ சிட்டி குழுவுக்குக் கடனாக அனுப்பினார்கள். பெரிய குழுவிலிருந்து இப்படி அனுப்பப்படும் பலர் திரும்பி வருவதே இல்லை. ‘நீ தேவையில்லை’ என்பதை மரியாதையாகச் சொல்லும் வழியாகவும் அது இருக்கலாம். ஆனால் கிளாஸ்கோ சிட்டி அப்போது ஸ்காட்லாந்து லீக்கை ஆண்டுதோறும் வென்றுகொண்டிருந்த குழு. அங்கே அவர் வாரந்தோறும் ஆடினார். லீக் பட்டமும் வென்றார்.

அதே 2017இல் எம்மா பர்ன் அனைத்துலகக் காற்பந்திலிருந்து ஓய்வு பெற்றார். புதிய பயிற்றுநராக வந்த காலின் பெல், அணித்தலைமையை 21 வயது மெக்கேபிடம் ஒப்படைத்தார். அயர்லாந்து மகளிர் அணியின் ஆக இளைய தலைவி அவரே. சொந்தக் குழுவில் இடம் நிச்சயமில்லாத ஒருவரை நாட்டுக்குத் தலைவியாக்கினார்கள் என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்பாக இருக்கிறது.

அதன் பிறகு வந்தது ஏறுமுகம். ஆர்சனலுக்குத் திரும்பிய மெக்கேப், 2018-19 பருவத்தில் இங்கிலாந்து மகளிர் சூப்பர் லீக் பட்டத்தை வென்ற குழுவில் இருந்தார். 2012க்குப் பிறகு ஆர்சனல் வென்ற முதல் லீக் பட்டம் அது. இடது பக்கத் தாக்குதல் ஆட்டக்காரராக வந்தவர், தேவைப்பட்டபோது இடது தற்காப்புக்கும் மாறிக்கொண்டார். ஃபுட்சால் ஆடுபவள் என்ற முறையில் சொல்கிறேன்: தாக்குதலில் ஆடியவரைப் பின்னால் நிற்கச் சொன்னால் முகம் சுருங்கும். மெக்கேபோ அங்கிருந்தே முன்னேறிக் கோல் வாய்ப்புகளை உருவாக்கினார்.

*சம ஊதியம், முதல் உலகக் கிண்ணம்*

2021 ஆகஸ்ட் மாதம், ஆண்கள், மகளிர் இரு தேசிய அணிகளுக்கும் சமமான ஆட்டக் கட்டணம் வழங்கப்படும் என்று அயர்லாந்துச் சங்கம் அறிவித்தது. ஆண்கள் அணியினர் தங்கள் தொகையைக் குறைத்துக்கொள்ள முன்வந்தனர். மகளிர் சார்பில் மெக்கேபும் ஆண்கள் சார்பில் அவர்களின் தலைவர் ஷேமஸ் கோல்மனும் இதில் முக்கியப் பங்காற்றினர். அடுத்த மாதமே டாலாவில் நடந்த நட்புமுறை ஆட்டத்தில் ஆஸ்திரேலியாவை 3-2 என்ற கணக்கில் அயர்லாந்து வென்றது. அன்று மெக்கேபின் 26வது பிறந்தநாள்.

டிராக்சூட் கேட்டவர்கள் சம ஊதியத்தை எட்ட நான்கு ஆண்டுகள் ஆயின. முதல் கோரிக்கை சிறியதாகத் தோன்றினாலும், அதைக் கேட்காமல் இரண்டாவதற்குப் போயிருக்க முடியாது.

2022 அக்டோபர் 11ஆம் தேதி, கிளாஸ்கோ நகரின் ஹாம்டன் பார்க் அரங்கில் ஸ்காட்லாந்தை 1-0 என்று வென்று அயர்லாந்து மகளிர் முதன்முறையாக உலகக் கிண்ணத்துக்குத் தகுதி பெற்றனர். மாற்று ஆட்டக்காரராக இறங்கி அந்தக் கோலை அடித்தவர் டோனிகோல் மாவட்டத்தைச் சேர்ந்த ஆம்பர் பேரட். நான்கு நாள்களுக்குமுன் அம்மாவட்டத்தின் கிரீஸ்லோ கிராமத்தில் நேர்ந்த வெடிவிபத்தில் பத்துப் பேர் மாண்டிருந்தனர். கோல் அடித்தபின் பேரட் மண்டியிட்டு, கையில் கட்டியிருந்த கறுப்புப் பட்டையை முத்தமிட்டார்.

அடுத்த ஆண்டு சிட்னியில் ஆஸ்திரேலியாவுடன் நடந்த முதல் ஆட்டத்தைக் காண 75,784 பேர் திரண்டனர். அதில் 1-0 தோல்வி. பிறகு பெர்த். கடைசியாக நைஜீரியாவுடன் 0-0. மூன்று ஆட்டங்களிலும் சேர்த்து அயர்லாந்து அடித்தது ஒரே ஒரு கோல்தான். நான் வேதியியல் குறிப்புகளின் மேல் சாய்த்துவைத்துப் பார்த்த கோல் அது.

எல்லாக் கதவுகளும் திறந்துவிட்டன என்று சொல்ல முடியாது. 2024 டிசம்பரில் வேல்சிடம் தோற்றதால் 2025 ஐரோப்பியக் கிண்ணத்துக்கு அயர்லாந்து தகுதி பெறவில்லை. சொந்த ஊர் ரசிகர்கள் முன்னிலையில் வந்த தோல்வி அது.

ஆனால் 2025 மே மாதம் லிஸ்பனில் நடந்த மகளிர் சாம்பியன்ஸ் லீக் இறுதியாட்டத்தில் ஆர்சனல் 1-0 என்று பார்சலோனாவை வென்றது. இங்கே அப்போது நள்ளிரவு. அப்பாவும் நானும் ஒன்றாக உட்கார்ந்து பார்த்தோம். “இத்தனை வருஷமா நான் ஆம்பளைங்களுக்காகக் காத்திருந்தேன். பொண்ணுங்க ரெண்டு தடவை ஜெயிச்சிட்டாங்களே,” என்றார். முதல் தடவை 2007இல், எம்மா பர்ன் காலத்தில். இரண்டாவது தடவை மெக்கேப் காலத்தில்.

*134 ஆட்டங்கள்*

எம்மா பர்ன் அயர்லாந்துக்காக 134 ஆட்டங்களில் விளையாடினார். அவற்றில் ஒன்றுகூட உலகக் கிண்ண ஆட்டமோ ஐரோப்பியக் கிண்ண இறுதிச்சுற்று ஆட்டமோ அல்ல. அவர் காலத்தில் அயர்லாந்து எதற்கும் தகுதி பெறவில்லை. லிபர்ட்டி ஹாலில் முன்வரிசையில் உட்கார்ந்து கேட்டவர், கேட்டதன் பலனைப் பெரும்பாலும் அனுபவிக்காமலேயே விடைபெற்றார். அவர் கேட்டதை அணிந்துகொண்டு சிட்னிக்கும் பெர்த்துக்கும் போனவர்கள் அடுத்து வந்தவர்கள்.

இதை நான் இவ்வளவு யோசிக்கக் காரணம் உண்டு. எங்கள் ஃபுட்சால் குழுவுக்கு விடுதித் திடலில் ஒதுக்கப்பட்ட நேரம் இரவு 9.30. ஆண்கள் குழு முடித்தபின் மிச்சமிருக்கும் நேரம். அவர்கள் ஆட்டம் நீண்டால் எங்களுக்குப் பத்து மணி ஆகும். மறுநாள் காலை எட்டு மணி வகுப்பு இருப்பவர்கள் பாதியில் கிளம்பிவிடுவார்கள். மூன்று பேருக்கு அணிச்சட்டையே கிடையாது. ஆண்கள் குழுவின் பழைய சட்டைகளைக் கையை மடித்துவிட்டுப் போட்டுக்கொள்கிறார்கள்.

முதலாண்டில் நான் எதுவும் பேசவில்லை. ‘கிடைத்ததே பெரிது, குறை சொன்னால் அதையும் பிடுங்கிக்கொள்வார்கள்’ என்ற பயம்தான் காரணம். அப்படியே மூன்று மூத்த மாணவிகள் படிப்பை முடித்துப் போய்விட்டார்கள்.

சென்ற பருவத்தில் நாங்கள் எட்டுப் பேர் உணவங்காடியில் உட்கார்ந்து ஒரு பட்டியல் எழுதினோம். கோபத்தை ஒதுக்கிவைத்துவிட்டு எண்களை எழுதினோம்: எத்தனை பயிற்சிகள் தாமதமாகத் தொடங்கின, எத்தனை பேர் பாதியில் போனார்கள், எத்தனை சட்டைகள் தேவை. எட்டுப் பேரின் பெயரையும் போட்டு விடுதி விளையாட்டுக் குழுவுக்கு மின்னஞ்சல் அனுப்பினேன். அனுப்பும் பொத்தானை அழுத்தும்போது கை கொஞ்சம் நடுங்கியது.

பதில் வர மூன்று வாரம் ஆனது. வரும் கல்விப் பருவத்திலிருந்து இரண்டு வாரத்துக்கு ஒரு முறை எட்டு மணி நேரம் எங்களுக்கு. சட்டைகள் பற்றிப் ‘பரிசீலிக்கிறோம்’ என்று எழுதியிருந்தார்கள்.

அந்த எட்டுப் பேரில் இருவர் இந்தப் பருவத்தோடு பட்டம் பெற்றுச் செல்கிறார்கள். எட்டு மணித் திடல் அவர்களுக்குக் கிடைக்காது. அதைச் சொல்லி வருத்தப்பட்டபோது அவர்களில் ஒருவர், “பரவாயில்ல, அடுத்த வருஷம் வர்றவங்க ஆடட்டும்,” என்றார். எம்மா பர்ன் யாரென்று அவருக்குத் தெரியாது. நான்தான் அன்று சொன்னேன்.

நம்மில் பலருக்குத் தேசிய அணி வாய்ப்பு வராது. ஆனால் பள்ளியிலும் கல்லூரியிலும் வேலையிடத்திலும் நமக்கென ஒரு 9.30 மணி இருக்கிறது. அதை மாற்றக் கேட்பவரே அதன் பலனை அனுபவிக்க முடியாமல் போகலாம். அதனால் கேட்காமல் இருந்துவிட வேண்டாம். அடுத்த கார்னரை எடுக்கப்போகும் பெண், இப்போது ஏதோ ஓர் உயர்நிலைப்பள்ளித் திடலில் பெரிய சட்டையின் கையை மடித்துவிட்டுக்கொண்டிருக்கலாம்.