கர்ஜித்தால்தான் ஆண்மகனா?

பள்ளி ஆண்டு விழாவில் மாறுவேடப் போட்டி என்றால், மையால் வரைந்த மீசையோடு ஒரு குட்டிக் கட்டபொம்மன் மேடையேறிவிடுவான். 1959-ல் வெளிவந்த ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ படத்தில் சக்தி கிருஷ்ணசாமி எழுதி, சிவாஜி கணேசன் பேசிய வசனம்தான் காரணம். உரத்த குரல், உருட்டும் விழி, முறுக்கிய மீசை... ஆண் என்றால் இப்படித்தான் என்று தலைமுறை தலைமுறையாகச் சிறுவர்கள் மனப்பாடம் செய்துவிட்டார்கள்.

ஆனால், தூத்துக்குடி மாவட்டத்துப் பாஞ்சாலங்குறிச்சியில் இன்னொரு வீரரும் இருந்தார். கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரை. பேச்சு வராதவர். 1799-ல் அண்ணன் கயத்தாறில் தூக்கிலிடப்பட்டார். 1801-ல் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பிய தம்பி, இடிக்கப்பட்ட கோட்டையைச் சில நாள்களிலேயே மறுபடி எழுப்பினார். அவருடைய சைகையே வீரர்களுக்குக் கட்டளையாக இருந்ததை, எதிர்த்துப் போரிட்ட ஆங்கிலேய அதிகாரி ஜேம்ஸ் வெல்ஷே வியந்து எழுதியிருக்கிறார்.

இதே மாவட்டக் கடலில் 1961 வரை முத்துக்குளிப்பு நடந்தது. அங்கேயும் வீரத்துக்குச் சத்தம் தேவைப்படவில்லை. கல்லின் கனத்தில் மூச்சடக்கி ஒருவர் இறங்குவார். மேலே படகில் இன்னொருவர் கயிற்றைப் பிடித்திருப்பார். கீழே இருப்பவர் கயிற்றை அசைத்ததும் மேலே இழுத்துவிடுவார். உதவி கேட்கத் தெரிந்தவரே உயிரோடு வீடு திரும்பினார்.

‘ஆம்பளப் புள்ள அழலாமா?’ என்று கேட்டுக் கேட்டே, பயத்தையும் வலியையும் உள்ளே விழுங்கப் பையன்களைப் பழக்குகிறோம். மேடையில் அவன் வசனம் பேசட்டும், தாராளமாகக் கைதட்டலாம். முடியாதபோது கயிற்றை அசைக்கவும் வீட்டில் சொல்லிக்கொடுப்போம்.