இருளரும் கன்னியம்மனும்

நம் திருவள்ளூர் மாவட்டத்து ஏரிக்கரைகளில் வாழும் இருளரை நாம் எவ்வளவு அறிவோம்? வரப்பில் எலி பிடிப்பவர்கள் என்பதோடு நிறுத்திக்கொள்கிறோம். மண்ணில் பதிந்த தடத்தைக் கண்டே இன்ன பாம்பு என்று கூறிவிடுவர்! முன்பு பாம்புத் தோல் விற்றுப் பிழைத்தனர். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தால் அத்தொழில் நின்றது. பிழைப்புக்கு என்ன செய்வார்கள்? 1978இல் மாமல்லபுரம் அருகே வடநெம்மேலியில் அவர்களது கூட்டுறவுச் சங்கம் தோன்றியது. பாம்பை உயிரோடு பிடித்து, நஞ்செடுத்து, மீண்டும் காட்டில் விட்டுவிடுகின்றனர். பாம்புக்கடிக்கு நமக்குப் போடும் ஊசிமருந்து அந்த நஞ்சிலிருந்துதான் தயாராகிறது. 2023இல் வடிவேல் கோபால், மாசி சடையன் என்னும் இருளர் இருவர் பத்மஸ்ரீ பெற்றனர்.

இவர்கள் தெய்வம் கன்னியம்மன். கோபித்துக்கொண்டு கடலுக்குள் போய்விட்டாளாம்! அவளை அழைத்துவர, மாசிமகத்தன்று மாமல்லபுரம் கடற்கரையில் புடவைகளால் கூடாரம் கட்டிக் குடும்பத்தோடு தங்குகின்றனர். திருமணங்களும் அந்த மணலிலேயே நடக்கின்றன.