யூசுஃப் வஹ்பி: நடிக்காத ஒரு வேடமும் நடித்த அரை நூற்றாண்டும்

நபிமார்களைத் திரையில் காட்டலாமா என்ற கேள்வி, புதிய படம் ஏதேனும் வரும்போதெல்லாம் நம்மிடையே எழுகிறது. கூடாது என்ற பதில் பலருக்கும் தெரியும். ஏன் கூடாது என்று நம் பிள்ளைகள் திருப்பிக் கேட்டால்தான் நாம் தடுமாறிப் போகிறோம். இந்தக் கேள்வி இன்று நேற்று வந்ததல்ல. எகிப்தில் முழுநீளக் கதைப்படங்களின் காலம் தொடங்குவதற்கு முன்பே, 1926இல், ஒரு நடிகரை முன்வைத்து இது கெய்ரோவை உலுக்கியது. யூசுஃப் வஹ்பி என்ற அந்த நடிகரின் வாழ்க்கையை அறிந்தால் பதிலின் காரணமும் விளங்கும்.

யூசுஃப் வஹ்பி 1898இல் எகிப்தின் ஃபய்யூம் நகரில் பிறந்தார். தந்தை அப்துல்லாஹ் வஹ்பி பாஷா நீர்ப்பாசனத் துறையில் உயர்பதவி வகித்தவர். பெரிய இடத்துப் பிள்ளை நாடக மேடை ஏறுவதை அன்றைய எகிப்தியச் சமூகம் இழுக்காகவே கருதியது. குடும்பத்தின் எதிர்ப்பையும் மீறி அவர் இத்தாலிக்குச் சென்று நடிப்புப் பயின்றார். தந்தையின் மறைவுக்குப் பின் நாடு திரும்பி, தமக்குக் கிடைத்த சொத்தை முதலாகப் போட்டு, 1923இல் 'ரம்ஸீஸ்' நாடகக் குழுவைக் கெய்ரோவில் தொடங்கினார். அனுபவம் மிக்க இயக்குநர் அஸீஸ் ஈத் அவருக்குத் துணை நின்றார். பின்னாளில் தம் பெயரிலேயே புகழ்பெற்ற வார இதழைத் தொடங்கிய ரோஸ் அல்யூசுஃப் அம்மையாரும் அக்குழுவில் நடித்தார். கண்ணீரும் ஆவேசமும் நிறைந்த குடும்ப நாடகங்களே ரம்ஸீஸின் அடையாளம். சில ஆண்டுகளிலேயே வஹ்பி எகிப்திய மேடையின் முதல்வரிசை நடிகராகிவிட்டார்.

அந்த நேரத்தில்தான், 1926இல், விதாத் உர்ஃபி என்ற துருக்கியத் திரைக்கலைஞர் ஒரு திட்டத்தோடு அவரைத் தேடி வந்தார். வெளிநாட்டு முதலீட்டில் நபி (ஸல்) அவர்களைப் பற்றி ஒரு படம் எடுக்கப்படும். அதில் வஹ்பி நபியாகவே நடிக்க வேண்டும் என்பதே அத்திட்டம். வஹ்பி ஒப்புக்கொண்டார். செய்தி பத்திரிகைகளில் வந்ததும் கடும் எதிர்ப்புக் கிளம்பியது. நபியின் உருவத்தை எவரும் ஏற்று நடிப்பது மார்க்கத்தில் கூடாது என்று அல்அஸ்ஹர் அறிவித்தது. மன்னர் ஃபுஆத், திட்டத்தைக் கைவிடாவிட்டால் குடியுரிமையைப் பறித்து நாடு கடத்துவதாக எச்சரித்தார். இஸ்லாத்தின் சிறப்பை எடுத்துக்காட்டும் எண்ணத்திலேயே அந்த வேடத்தை ஏற்றதாக வஹ்பி பத்திரிகை வழியாக விளக்கம் அளித்தார். பின்னர் அறிஞர்களின் கருத்துக்கு இணங்கி விலகிக்கொண்டார். படம் எடுக்கப்படவே இல்லை.

இதில் இரண்டு செய்திகளை நாம் தனித்தனியாகப் பிரித்துப் பார்க்க வேண்டும். ஒன்று மன்னரின் மிரட்டல், மற்றொன்று அறிஞர்களின் காரணம்.

மன்னரின் மிரட்டலுக்கு அரசியல் பின்னணி உண்டு. 1924இல் துருக்கியில் கிலாஃபத் ஒழிக்கப்பட்டது. அடுத்த கலீஃபா யார் என்பதைப் பேசுவதற்கு 1926 மே மாதம் கெய்ரோவில் ஒரு மாநாடு கூடியது. அப்பதவிக்கு அடிபட்ட பெயர்களில் ஃபுஆதின் பெயரும் ஒன்று. முஸ்லிம் உலகமே கெய்ரோவைக் கவனித்துக்கொண்டிருந்த அந்த வேளையில், மார்க்கக் காவலராகத் தோன்ற வேண்டிய தேவை மன்னருக்கு இருந்தது. எனவே அரண்மனையின் கோபம் முழுவதையும் மார்க்கப் பற்றின் கணக்கில் எழுதிவிட முடியாது.

அறிஞர்களின் காரணமோ அரசியலைக் கடந்தது. நபி (ஸல்) அவர்களின் சொல்லும் செயலும் நமக்கு மார்க்கச் சட்டத்தின் ஆதாரங்கள். அவர்கள் சொல்லாததை அவர்கள் சொன்னதாகக் கூறுவதை ஹதீஸ்கள் மிகக் கடுமையாக எச்சரிக்கின்றன. ஒரு திரைக்கதை எழுதுபவர் காட்சிகளை இணைக்க உரையாடல்களைக் கற்பனை செய்தே ஆக வேண்டும். ஆதாரபூர்வமான அறிவிப்புகளை மட்டும் வைத்து இரண்டு மணி நேரப் படத்தை நிரப்ப முடியாது. பார்ப்பவருக்கு எது ஹதீஸ், எது கற்பனை என்று பிரித்தறியவும் வழியில்லை.

இன்னொரு காரணம் முகம். இதற்கு வஹ்பியின் வாழ்க்கையே சான்று. மேடையில் ரஸ்புடின் வேடத்தால் பெயர் பெற்றவர் அவர். 1945இல் 'ஸஃபீர் ஜஹன்னம்' என்ற படத்தை இயக்கி, அதில் ஷைத்தானாகவே நடித்தார். 1960இல் வந்த 'இஷாஅத் ஹுப்' படத்தில் ஸுஆத் ஹுஸ்னியின் தந்தையாக வந்து அரங்கைச் சிரிக்க வைத்தார். ஒரு நடிகரின் தொழில் அப்படித்தான். இன்று ஒரு வேடம், நாளை வேறொன்று. அதை நாம் குறையாகச் சொல்லவில்லை. ஆனால் 1926இல் அந்தப் படம் வெளிவந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஸலவாத் சொல்லும்போது ஒரு தலைமுறையின் மனக்கண்ணில் எந்த முகம் தோன்றியிருக்கும்? பத்தொன்பது ஆண்டுகள் கழித்து ஷைத்தானின் வேடத்தில் வந்த அதே முகம்தான். அறிஞர்கள் அஞ்சியது இதைத்தான்.

அந்தப் படம் நின்றதால் எகிப்தியத் திரைத்துறை நின்றுவிட்டதா? இல்லை. விதாத் உர்ஃபி அடுத்ததாக அஸீஸா அமீருடன் சேர்ந்து தொடங்கிய 'லைலா' படத்தை வேறொருவர் முடிக்க, அது 1927இல் திரைக்கு வந்தது. வஹ்பியும் ஒதுங்கிவிடவில்லை. 1930இல் 'ஸைனப்' என்ற மௌனப் படத்தைத் தம் நிறுவனத்தின் மூலம் தயாரித்தார். முஹம்மது கரீம் அதை இயக்கினார். 1932இல் கரீமின் இயக்கத்தில் வஹ்பி நடித்த 'அவ்லாதுஸ் ஸவாத்' எகிப்தின் முதல் பேசும்படம் என்று பொதுவாகக் குறிப்பிடப்படுகிறது. அதன்பின் அவரே இயக்குநராகவும் ஆனார். பாடகி அஸ்மஹானுடன் நடித்து அவர் இயக்கிய 'கராம் வ இன்திகாம்' 1944இல் வெளிவந்தது. படப்பிடிப்பு முடியும் முன்பே அஸ்மஹான் விபத்தில் இறந்துபோனார். அந்தப் படத்தை ஒட்டி மன்னர் ஃபாரூக் வஹ்பிக்கு 'பே' பட்டம் வழங்கினார். தந்தை நாடு கடத்துவேன் என்று எச்சரித்த அதே நடிகருக்கு மகன் பட்டம் சூட்டினார்! 1979இல் யூசுஃப் ஷாஹீனின் படத்திலும் நடித்த வஹ்பி, 1982 அக்டோபரில் கெய்ரோவில் காலமானார்.

இங்கே ஒரு சுவையான தொடர்பையும் சொல்ல வேண்டும். வஹ்பி தயாரித்த 'ஸைனப்' படத்தின் மூலக்கதை முஹம்மது ஹுஸைன் ஹைக்கல் எழுதிய நாவல். அதே ஹைக்கல் 1935இல் 'ஹயாத்து முஹம்மத்' என்ற புகழ்பெற்ற நபி வரலாற்று நூலை வெளியிட்டார். படம் சொல்ல முயன்று நின்றுபோன வாழ்வை எழுத்து சொல்லியது.

திரையும் பின்னாளில் வேறு வழியைக் கண்டது. முஸ்தஃபா அக்காத் 1976இல் எடுத்த 'தி மெசேஜ்' படத்தில் நபி (ஸல்) அவர்களின் உருவம் தெரியாது, குரலும் கேட்காது. நபித்தோழர்களைக் காட்டியது குறித்து அதற்கும் எதிர்ப்பு எழுந்தது. என்றாலும் நபியைக் காட்டாமலே அவர்களின் வரலாற்றைச் சொல்ல முடியும் என்பதை அது உலகுக்கு உணர்த்தியது.

இந்த விவாதம் நம் ஊர் வரைக்கும் வந்ததுண்டு. ஈரானிய இயக்குநர் மஜீத் மஜீதியின் நபி வரலாற்றுப் படத்துக்கு இசையமைத்ததற்காக 2015இல் மும்பை அமைப்பொன்று சென்னையைச் சேர்ந்த ஏ. ஆர். ரஹ்மானுக்கு எதிராக ஃபத்வா வெளியிட்டது. அந்தப் படத்தைத் தாம் இயக்கவோ தயாரிக்கவோ இல்லை, நல்லெண்ணத்தில் இசை மட்டுமே அமைத்ததாக அவர் நிதானமாகப் பதில் எழுதினார். இத்தகைய விஷயங்களில் ஷியா, ஸுன்னி மரபுகளுக்கிடையே அணுகுமுறை வேறுபடுவதும் அப்போது பேசப்பட்டது.

நம் பிள்ளைகள் கேட்கும்போது, 'ஹராம், பேசாதே' என்று முடித்துவிடாமல் இந்த வரலாற்றைச் சொல்வோம். ஃபுஆதின் மிரட்டல் அவருடைய ஆட்சியோடு முடிந்தது. அறிஞர்கள் சொன்ன காரணம் ஏறத்தாழ நூறு ஆண்டுகள் கழித்தும் நிற்கிறது. தம் கருத்தை விளக்கிவிட்டு விலகிய நடிகரும் அதனால் சிறுமைப்படவில்லை. அரை நூற்றாண்டுக்கு மேல் தம் கலையில் நிலைத்திருந்தார். அச்சுறுத்திப் பெறும் பணிவைவிட விளக்கிப் பெறும் இணக்கமே நீண்ட நாள் நிலைக்கும். மார்க்கத்தை எடுத்துச் சொல்லும் நமக்கு வஹ்பியின் வாழ்க்கை தரும் பாடம் அதுவே.