கடைசி வரிசைக்கும் கேட்ட குரல்



திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய நாட்களில், சிரம்பான் பக்கத்துத் தோட்டமானாலும் பகாவ் பக்கத்துத் தோட்டமானாலும், சிவாஜி கணேசன் படமென்றால் பொழுது சாயும் முன்பே பாய் விரித்து இடம் பிடித்துவிடுவார்கள். மறுநாள் பெரட்டுக் களத்தில் அவருடைய வசனம் கேட்கும். எழுத்தறியாத பாட்டிமார்கூடப் பிசகாமல் சொல்வார்கள். அந்தக் குரல் எப்படி உருவானது என்று பார்ப்போமா?

1928-இல் விழுப்புரத்தில் பிறந்த கணேசன், ஏழு வயதளவில் கட்டபொம்மன் கூத்தைப் பார்த்தார். நடிப்பாசை அன்றே பற்றிக்கொண்டது. தாய் தந்தையர் உயிரோடிருக்க, தம்மை அநாதை என்று சொல்லிக்கொண்டு திருச்சியில் ஒரு பாய்ஸ் நாடகக் கம்பெனியில் சேர்ந்துவிட்டார்!

பாய்ஸ் கம்பெனி என்பது சிறுவர்களே நடிக்கும் குழு. சாப்பாடு, படுக்கை எல்லாம் அங்கேதான். பாட்டு, ஆட்டம், வசனம் யாவற்றையும் வாத்தியார் சொல்லித் தருவார். தவறினால் அடி விழும். வீட்டு முகம் காணாமல் ஆண்டுகள் ஓடும். பெண் வேடங்களையும் சிறுவர்களே ஏற்பார்கள். கணேசனும் சீதையாக நடித்தவர்தான். பள்ளிப் படிப்பு அவருக்குக் கிட்டவில்லை. பிள்ளைகளுக்கு அது கடுமையான வாழ்க்கை என்பதே நம் கருத்து. ஆனால் ஒலிபெருக்கியை நம்பாத அந்த மேடையில் கடைசி வரிசைக்கும் சொல் போய்ச் சேர வேண்டும். எங்கே மூச்சு வாங்குவது, லகர ளகர ழகரங்களை எப்படிப் பிரித்துச் சொல்வது என்பதெல்லாம் அங்கே படிந்த பழக்கம்.

பிறகு அறிஞர் அண்ணா எழுதிய நாடகத்தில் மராட்டிய மன்னர் சிவாஜியாக நடித்தார். அதைக் கண்ட பெரியார் ‘சிவாஜி’ என்று அழைக்க, அப்பெயரே நிலைத்தது.

1952 தீபாவளிக்குப் ‘பராசக்தி’ வெளிவந்தது. கதாநாயகன் ஒல்லியாக இருக்கிறான், ஆளை மாற்றலாம் என்று பேச்சு எழுந்தபோது, தயாரிப்பாளர் பி. ஏ. பெருமாள் விட்டுக்கொடுக்கவில்லை. மு. கருணாநிதியின் வசனத்தை அந்த இளைஞர் நீதிமன்றக் காட்சியில் பேசிய பேச்சு, தமிழர் வாழும் நாடெல்லாம் பரவியது.

சிறுவயதில் கண்ட கட்டபொம்மனை 1957-இல் தாமே மேடையேற்றினார். 1959-இல் அது திரைப்படமானது. 1960-இல் கெய்ரோ படவிழாவில் சிறந்த நடிகர் விருதும் பெற்றது.

அவர் நடிப்பு மிகை என்போர் உண்டு. ரஷ்ய நாடக ஆசான் ஸ்தானிஸ்லாவ்ஸ்கி, பாத்திரத்தின் உள்ளத்திலிருந்து நடிப்பு பிறக்க வேண்டும் என்றார். நம் கூத்து மரபோ உணர்ச்சியைப் பெரிதாக்கிக் காட்டுவது. கணேசன் கூத்தின் பிள்ளை. ஆயினும், 1985-இல் வந்த ‘முதல் மரியாதை’யைப் பாருங்கள். மனத்துயரைச் சொல்லாமல் அடக்கிக்கொண்டு வாழும் ஊர்ப் பெரியவராக வருவார். அங்கே குரல் உயரவே இல்லை, பார்வையே பேசுகிறது. அப்போது அவருக்கு வயது 56.