பூஞ்சேரிக்குள்ளே 700 போர்டு!

முதலில் ஒரு கணக்கு போடுவோம். ஓப்பன் பிரிவில் 188 அணிகள், பெண்கள் பிரிவில் 162. அணிக்கு நாலு பேர் வீதம் எதிரெதிரே உட்காரவைத்தால், ஒரே நேரத்தில் 700 ஆட்டம். 700 போர்டு, 700 கடிகாரம், 22,400 காய்கள். மதியம் மூணு மணிக்கு அத்தனையும் அதனதன் கட்டத்தில் நிற்கணும். ஒரே ஒரு சிப்பாய் காணாமல் போனாலும் மானம் கப்பலேறிவிடும், ஏனென்றால் பார்த்துக்கொண்டிருப்பது உலகம். இத்தனையும் நடந்த இடம், ஓ.எம்.ஆர். ஓடி ஓடி வந்து ஈ.சி.ஆரில் முட்டுகிற பூஞ்சேரி. மாமல்லபுரத்துக்குக் கூப்பிடு தூரம். 2022 ஜூலை, ஆகஸ்டில் 44-வது செஸ் ஒலிம்பியாட் அங்கேதான்.

சரி, இவ்வளவு பெரிய திருவிழா பூஞ்சேரிக்கு எப்படி வந்தது? அதுதான் சுவாரசியமே. இது முதலில் ரஷ்யாவுக்கு ஒதுக்கிய போட்டி. 2020-ல் காந்தி மான்சிஸ்கில் நடப்பதாக இருந்தது. (ஆமாம், ஊர் பேரே அதுதான். நம்ம காந்திக்கும் அதற்கும் சம்பந்தமில்லை!) அப்புறம் மாஸ்கோ என்றார்கள், கொரோனா வந்து தள்ளிப்போட்டது. 2022 பிப்ரவரியில் ரஷ்யா உக்ரைனுக்குள் படை அனுப்ப, மறுநாளே சர்வதேச செஸ் கூட்டமைப்பான ஃபிடே போட்டியை அங்கிருந்து எடுத்துவிட்டது. பத்திரிகை அடித்த பிறகு மண்டபம் கைவிட்டுப் போன கல்யாணம்தான். மார்ச் 15-ஆம் தேதி சென்னை என்று அறிவிப்பு வருகிறது. தொடக்க விழா ஜூலை 28. கையில் இருந்தது நாலரை மாதம்! வழக்கமாக இதற்கு வருடக்கணக்கில் ஏற்பாடு செய்வார்கள்.

சண்டை இந்தப் போட்டியைத் துரத்துவது புதிதும் இல்லை. 1924-ல் பாரிஸில் ஒலிம்பிக் நடந்தபோது செஸ்காரர்களும் அங்கேயே கூடி ஆடினார்கள். ஃபிடே பிறந்ததும் அப்போதுதான். 1927-ல் லண்டனில் முதல் அதிகாரபூர்வ ஒலிம்பியாட், வந்தது வெறும் 16 நாடுகள், கோப்பை ஹங்கேரிக்கு. 1939-ல் பியூனஸ் அயர்ஸில் ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே இரண்டாம் உலகப் போர் வெடித்தது. காய் நகர்த்த வந்த எத்தனையோ பேர் ஊர் திரும்பவே இல்லை. போலந்துக்காரர் நைதோர்ஃப் அர்ஜென்டினாக்காரராகவே ஆகிவிட்டார். 1976-ல் இஸ்ரேலின் ஹைஃபாவில் நடந்தபோது சோவியத் அணி போகவில்லை. அதற்குப் போட்டியாக லிபியாவின் திரிபோலியில் இன்னொரு ஒலிம்பியாடே நடத்தினார்கள். நம்ம கதைக்கு வந்தால், இந்தியா முதன்முதலாகக் கலந்துகொண்டது 1956-ல், மாஸ்கோவில். 1960-ல் லைப்சிகுக்குப் போனவர் நம்ம மானுவேல் ஆரோன். 1961-ல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனவர்.

வரலாறு போதும், வாங்க உள்ளே.

போட்டி நடந்த ஃபோர் பாயின்ட்ஸ் ஹோட்டல் மாநாட்டு அரங்கு பெரிதுதான். ஆனால் 700 போர்டுக்குப் போதவில்லை. பக்கத்திலேயே 52,000 சதுர அடியில் புத்தம்புது அரங்கு எழும்பியது. போர்டுகளோ சாதாரணமானவை இல்லை. நெதர்லாந்தின் டி.ஜி.டி. நிறுவனத்துப் போர்டுகள். ஒவ்வொரு காயின் வயிற்றுக்குள்ளும் சின்னதாக ஒரு கம்பிச்சுருள் இருக்கும். ராணிக்கு ஒரு அலைவரிசை, குதிரைக்கு வேறு. எந்தக் காய் எந்தக் கட்டத்தில் நிற்கிறது என்று போர்டுக்கே தெரியும், அங்கிருந்து உலகம் முழுக்க நேரலையில் ஓடும். கடைசி அணியின் நாலாவது ஆட்டக்காரர் செய்கிற சொதப்பலைக்கூட அவர் அம்மா வீட்டிலிருந்தே பார்த்துவிடலாம். பாவம்!

இதில் எனக்கு ரொம்பப் பிடித்த ரகசியம் ஒன்று. ஆட்டம் முடிந்தது என்பதைப் போர்டுக்கு எப்படிச் சொல்வது? இரண்டு ராஜாக்களையும் தூக்கி நடுக்கட்டங்களில் வைக்கணும். வெள்ளை ஜெயித்தால் இரண்டு ராஜாவும் நடுவில் இருக்கும் வெள்ளைக் கட்டங்களில். கறுப்பு ஜெயித்தால் கறுப்புக் கட்டங்களில். டிரா என்றால் ஆளுக்கொரு நிறம். அடுத்த முறை நேரலையில் இரண்டு ராஜாவும் நடுத்தெருவில் பக்கத்துப் பக்கத்தில் நிற்பதைப் பார்த்தால் திகைக்காதீர்கள், கதை முடிந்தது என்று அர்த்தம்.

இத்தனை எந்திரமும் ஒன்றாக வேலை செய்யுமா? அதற்கும் ஒத்திகை. விழாவுக்கு நாலு நாள் முன்னால், ஜூலை 24 ஞாயிற்றுக்கிழமை, ஆயிரத்து நானூறுக்கும் மேற்பட்ட ஆட்டக்காரர்களை உள்ளே உட்காரவைத்து ஒரு ரேபிட் போட்டியே நடத்திப் பார்த்துவிட்டார்கள். அப்போதைய உலக சாம்பியன் மேக்னஸ் கார்ல்சன் உட்காரப்போகிற அரங்கில் அவருக்கு முன்னாலேயே நம்ம பிள்ளைகள் ஆடியாகிவிட்டது!

வெளியே கலாட்டா இன்னும் அதிகம். சென்னை நேப்பியர் பாலத்துக்குக் கறுப்பு வெள்ளைக் கட்டம் அடித்தார்கள். வெள்ளைச் சட்டை, மடிப்பு கலையாத வேட்டி, கூப்பிய கை, குதிரைத் தலையோடு போட்டியின் சின்னமான ‘தம்பி’ ஊரெங்கும் நின்றது. ஒலிம்பிக் மாதிரி ஜோதி ஓட்டமும் உண்டு, செஸ் ஒலிம்பியாடுக்கு அதுவே முதல் தடவை: டெல்லியில் ஜூன் 19-ல் கிளம்பி 75 ஊர் சுற்றியது. அது காஷ்மீர் வழியாகப் போனதைக் காரணம் காட்டி, வந்து இறங்கிய பாகிஸ்தான் அணி தொடக்க நாளிலேயே விலகிக்கொண்டது. மாமல்லபுரம் இந்த மாதிரி பரபரப்புக்குப் பழகிய ஊர்தான். 2019-ல் மோடியும் ஷி ஜின்பிங்கும் வந்து போனபோதே பார்த்துவிட்டது.

ஆட்டத்துக்கு வருவோம். தரவரிசைப் பட்டியலில் முதலிடம் அமெரிக்காவுக்கு. எல்லோர் கண்ணும் அவர்கள்மேல் இருக்க, ஆர்.பி. ரமேஷ் பயிற்சியில் ‘இந்தியா 2’ என்று ஒரு பொடியன் அணி: குகேஷ், நிஹால் சரின், பிரக்ஞானந்தா, ரௌனக் சாத்வானி, கூடவே ‘பெரியவர்’ அதிபன். குகேஷுக்கு அப்போது 16 வயது. முதல் எட்டு ஆட்டத்தில் எட்டும் வெற்றி! எட்டாவதில் விழுந்தவர் ஃபாபியானோ கருவானா. அன்றைக்கு அமெரிக்காவை நம்ம பையன்கள் 3-1 என்று கவிழ்த்தார்கள். பத்தாவது சுற்றில்தான் இடி. உஸ்பெகிஸ்தானோடு மோதினார்கள். நல்ல நிலையில் இருந்த குகேஷ், அப்துசத்தோரோவிடம் தோற்றார், மேட்ச் 2-2. தங்கம் உஸ்பெகிஸ்தானுக்கு. அவர்களும் தரவரிசையில் 14-ஆம் இடத்திலிருந்து வந்த சின்னப் பையன்கள்தான்! அர்மேனியா வெள்ளி, இந்தியா 2 வெண்கலம். அமெரிக்கா? ஐந்தாவது.

பெண்கள் பக்கம் நெஞ்சு படபடக்கும். ஹரிகா துரோணவல்லி நிறைமாத கர்ப்பிணியாக வந்து ஆடினார்; வாசலில் ஆம்புலன்ஸ் தயாராக நின்றது. அதே ஆகஸ்டில் அவருக்குப் பெண் குழந்தை பிறந்தது. கடைசிச் சுற்றுக்கு முன்பு வரை கொனேரு ஹம்பி, வைஷாலி இருந்த இந்திய அணிதான் முன்னணி. கடைசி நாள் அமெரிக்காவிடம் 1-3. வெண்கலம். தங்கம் யாருக்குப் போனது தெரியுமா? உக்ரைனுக்கு! எந்தப் போரால் போட்டி மாஸ்கோவை விட்டுப் பூஞ்சேரிக்கு வந்ததோ, அந்தப் போரில் எரிகிற நாட்டின் பெண்களுக்கு. கதாசிரியர் யாராவது இப்படி எழுதியிருந்தால் ‘ரொம்ப ஓவர்’ என்று திருப்பி அனுப்பியிருப்பார்கள்.

போட்டி நடக்கும்போதே சென்னையில் ஃபிடே தேர்தலும் நடந்து, விஸ்வநாதன் ஆனந்த் துணைத் தலைவராகிவிட்டார். மேசையில் உட்காராமலேயே அவர் ஒரு பதவியைத் தட்டிக்கொண்டு போனார்.

கடைசியாக ஒரு கிசுகிசு. இரண்டு பிரிவையும் சேர்த்துப் பார்த்துச் சிறந்த நாட்டுக்குக் கொடுப்பது நோனா கப்ரிந்தாஷ்விலி கோப்பை. 2022-ல் அது இந்தியாவுக்கு வந்தது. 2024-ல் புடாபெஸ்ட் ஒலிம்பியாடுக்கு எடுத்துப்போகத் தேடினால், கோப்பையைக் காணோம்! இந்தியச் செஸ் சம்மேளனம் கையைப் பிசைந்துகொண்டு நகல் ஒன்றுக்கு ஏற்பாடு செய்தது. அந்த முறை ஓப்பன், பெண்கள் இரண்டு தங்கமும் இந்தியாவுக்கே. ஆக, கப்ரிந்தாஷ்விலி கோப்பையும் நமக்கே.