தருக்களின் சரிதம் – 14: உண்பாரை இழந்த கனி

கோஸ்டா ரிகா தேசத்தின் வடமேற்கே, பசிபிக் சமுத்திரத்தை ஒட்டி, ஆண்டில் ஐந்தாறு மாதங்கள் மழையின் சுவடே காணாத குவானகாஸ்தே என்னும் மாகாணம் இருக்கிறது. அம்மாகாணத்துக்குத் தன் பெயரை அளித்ததும், 1959-ஆம் ஆண்டில் அத்தேசத்தாரால் தேசிய விருட்சமாக வரிக்கப்பெற்றதுமான மரமே இவ்வாரம் நாம் காணப்போவது. அவரையும் புளியும் வாகையும் பிறந்த பெருங்குடும்பத்தில் பிறந்த இது, நம் சாலைகளில் நிழல் விரிக்கும் தூங்குமூஞ்சி மரத்துக்கு நெருங்கிய பந்து. மேய்ச்சல் வெளியில் தனித்து வளரும்போது, உயரத்தைக் காட்டிலும் அகலத்தாலேயே கண்ணை நிறைப்பது.

இதன் நெற்றைத்தான் சற்று நின்று நோக்கவேண்டும். கோடையில் பூத்து, சின்னஞ்சிறு பிஞ்சாகவே மழைக்காலம் முழுவதும் வளர்ச்சியின்றிக் கிடந்து, அதன் பிறகே பருத்து, மறு கோடையில் முற்றி உதிர்கிற அந்நெற்று, உள்ளங்கை அகலமும் கரும்பழுப்பு நிறமும் கொண்டு, மனிதனுடைய காதைப் போலவே வளைந்திருக்கிறது. உடைத்தால் பிசுபிசுப்பான இனிய சதை. அதற்குள், பழுப்பு மேனியில் வெளிறிய வளையம் தீட்டியது போன்ற வித்துக்கள். வித்தின் தோலைச் சிறிதேனும் கீறாமல் மண்ணிலிட்டால், ஆண்டுக்கணக்கில் முளைக்காமலே கிடக்கும்.

இனிய சதையை ஒரு மரம் வீணே சமைப்பதில்லை. அதைத் தின்று வித்தைத் தொலைவில் சேர்க்கும் பிராணி இருந்தாகவேண்டும். ஆயினும், குதிரையும் மாடும் புகாத இடங்களில் நெற்றுகள் தாய்மரத்தின் அடியிலேயே குவிந்து மட்கின. இதன் காரணத்தை ஆராயப் புகுந்த அமெரிக்க விஞ்ஞானி டேனியல் ஜான்ஸன், அம்மாகாணத்துச் சாண்டா ரோசா வனத்தில் குதிரைகளுக்கு அந்நெற்றை ஊட்டி, லத்தியைக் கிளறி, பழுதின்றி வெளிவந்த வித்துக்களை எண்ணினார். லத்தியைத் தேடிவந்து வித்தைக் களவாடும் எலியும் அவர் கண்ணுக்குத் தப்பவில்லை. அவரும் பால் மார்ட்டினும் 1982-இல் வெளியிட்ட கட்டுரை, ஏறத்தாழ 10,000 ஆண்டுகளுக்கு முன் மாண்டொழிந்த பெருவிலங்குகளுக்காகவே, யானையை ஒத்த கோம்போதியருக்கும் ராட்சத ஸ்லாத்துக்கும் ஆதிக் குதிரைக்குமாகவே, இக்கனி உருவாயிற்று என்று கூறியது. இக்கொள்கையை மறுத்த அறிஞர்களும் உண்டு. ஆனால் அடியில் மட்கும் அக்குவியலுக்கு இதைவிடப் பொருத்தமான சமாதானம் எனக்குத் தென்படவில்லை. அமெரிக்கக் கண்டத்தில் தோன்றிய குதிரையினம், பிற கண்டங்களுக்குப் பரவி, பிறந்த மண்ணில் பூண்டற்றுப்போய், பதினாறாம் நூற்றாண்டில் ஸ்பானியருடைய கப்பல்களில் அந்நியப் பிராணியாக மீண்டு வந்து, தன் முன்னோர் விட்ட ஊழியத்தைத் தானறியாமலே ஏற்றுக்கொண்டது என்பதை எண்ணும்போது என் நெஞ்சம் நெகிழ்கிறது.

மேய்ச்சலாலும் தீயாலும் குலைந்த குவானகாஸ்தே மாகாணத்துக் காட்டை மீட்கும் பெருமுயற்சியை, ஜான்ஸனும் அவர் துணைவி வினிஃப்ரெட் ஹால்வாக்ஸும் 1980-களில் தொடங்கினர். ஆப்பிரிக்காவிலிருந்து வந்து அங்கே பரவியிருந்த ஹராகுவாப் புல், மேயாமல் விட்டால் ஆளுயரம் வளர்ந்து கோடையில் பற்றியெரியும். ஆகவே, காட்டை அழித்த பழியைச் சுமந்த கால்நடைகளையே உடனே வெளியேற்றாமல், தீயின் வேகம் தணியும்வரை அங்கே மேயவிட்டார்கள்.

(தொடரும்)